துணிக்கடைக்காரர் மகள், அரசகுமாரிகளின் ஓவியர்

கேள்வி இதுதான்: “18ஆம் நூற்றாண்டு பிரான்சின் பெண் உருவப்பட ஓவியர் என்று தேடினால் எலிசபெத் விஜே லெ ப்ரன் பெயரே திரும்பத் திரும்ப வருகிறது. அவருக்குப் போட்டியாக அதெலாயித் லபீய்-கியார் என்று ஒருவர் இருந்தாராமே? யார் அவர்? ஏன் அவரைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை?”

கேட்டதற்கு நன்றி. எனக்கு மிகவும் பிடித்த ஓவியர் இவர். கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில் அந்தப் ‘போட்டி’ விஷயம். 1783 மே 31 அன்று பாரிஸின் அரச ஓவிய, சிற்ப அகாடமி ஒரே கூட்டத்தில் இரண்டு பெண்களைச் சேர்த்துக்கொண்டது. ஒருவர் விஜே லெ ப்ரன், இன்னொருவர் லபீய்-கியார். இரண்டு பேரும் பாரிஸில் பிறந்தவர்கள், இரண்டு பேரும் உருவப்படம் வரைபவர்கள். பத்திரிகைக்காரர்களுக்கு இது போதாதா? அன்று தொடங்கி இருவரையும் அருகருகே நிறுத்தி ஒப்பிட்டு எழுத ஆரம்பித்தார்கள். அகாடமியில் ஆண்கள் நூற்றுக்கும் மேல் இருந்தும் யாரையும் இப்படி ஜோடி கட்டி மோதவிடவில்லை. பெண்களுக்கு அங்கே மொத்தம் நான்கே இடம். ஏற்கெனவே இரண்டு பேர் இருந்தார்கள். இவர்கள் இருவரோடும் நான்கும் நிரம்பிவிட்டது. இனி ஒருத்தி செத்தால்தான் இன்னொருத்திக்கு வழி.

உள்ளே வந்த விதம் மட்டும் வேறு வேறு. விஜே லெ ப்ரனின் கணவர் ஓவிய வியாபாரி. வியாபாரத்தோடு தொடர்புள்ளவர்களுக்கு அகாடமியில் இடமில்லை என்பது விதி. ராணி மரி ஆந்துவானெத் பரிந்து பேச, அரசர் உத்தரவு போட, அவர் உள்ளே வந்தார். லபீய்-கியாருக்கு அப்படி யாரும் இல்லை. அவர் உறுப்பினர்களின் வாக்கு வாங்கி வந்தார். அந்த வாக்குகளை எப்படிச் சம்பாதித்தார் என்பதுதான் அவருடைய கதையிலேயே எனக்குப் பிடித்த பகுதி. அதற்கு முன் அவர் எங்கிருந்து வந்தார் என்று பார்த்துவிடலாம்.

1749 ஏப்ரல் 11 அன்று பிறந்தவர். அப்பா க்ளோத்-எத்ம் லபீய் துணிமணிக் கடை வைத்திருந்தார். லேஸ், ரிப்பன், பட்டு என்று பணக்காரப் பெண்களின் அலங்காரத்துக்கு வேண்டியதெல்லாம் அங்கே கிடைக்கும். பின்னாளில் பதினைந்தாம் லூயியின் ஆசைநாயகியாகி மதாம் து பாரி என்று பெயர் வாங்கிய ழான் பெக்கு, இளம் வயதில் இந்தக் கடையில் வேலை பார்த்தவர். ஓவியக் குடும்பம் இல்லை, ஆனால் நல்ல துணி எப்படி மடியும், சாட்டின் எங்கே பளபளக்கும், லேஸின் கண்ணி வழியாகத் தோல் எப்படித் தெரியும் என்று தெரிந்த குடும்பம். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

அந்தக் காலத்தில் ஒரு பெண் ஓவியம் கற்க நினைத்தால் பெரிய தடை ஒன்று இருந்தது. ஆடையில்லாத ஆண் மாடலை வைத்து உடற்கூறு வரைந்து பழகும் வகுப்பில் பெண்களுக்கு அனுமதி கிடையாது. அந்தப் பயிற்சி இல்லாமல் புராண, சரித்திரக் காட்சிகளைப் பெரிதாக வரைய முடியாது. அகாடமியிலோ அதற்குத்தான் முதல் மரியாதை. ஆகவே பெண்களுக்கு எஞ்சியவை உருவப்படம், பூ, பழம், பாத்திரம். இவர் உருவப்படத்தைப் பிடித்துக்கொண்டார். பக்கத்தில் குடியிருந்த ஃபிரான்சுவா-எலி வேன்சான் என்பவரிடம் உள்ளங்கை அளவு நுண்ணோவியம் கற்றார். அடுத்து பாஸ்டல், அதாவது வண்ணக்குச்சி ஓவியம். அதை அவர் கற்றது அந்தக் கலையின் பெரிய கை என்று பெயரெடுத்த மொரிஸ் கான்தான் த லா தூரிடம். கடைசியாக எண்ணெய் வண்ணம். முதல் ஆசிரியரின் மகன் ஃபிரான்சுவா-ஆந்த்ரே வேன்சான் ரோமில் படித்துத் திரும்பியதும் அவரிடம் கற்றார். மூன்று ஊடகம், மூன்று ஆசான்கள்.

1769இல், இருபது வயதில், லூயி-நிக்கோலா கியார் என்ற கணக்கு குமாஸ்தாவுடன் கல்யாணம். அது நிலைக்கவில்லை. 1779இல் சட்டப்படி தனியானார்கள். விவாகரத்து என்பதே அன்றைய பிரெஞ்சுச் சட்டத்தில் இல்லாததால், பிரிந்த பிறகும் கியார் என்ற பெயர் ஒட்டிக்கொண்டே இருந்தது. கையெழுத்தே ‘லபீய், கியாரின் மனைவி’ என்று பொருள்படும்படி போட்டிருக்கிறார். குழந்தைகள் இல்லை. இனி சாப்பாடு, வாடகை எல்லாம் தூரிகையிலிருந்தே வர வேண்டும்.

முதலில் அவர் செயின்ட் லூக் அகாடமி என்ற பழைய கைவினைஞர் சங்கத்தில் உறுப்பினராக இருந்தார். அங்கே பெண்கள் நிறையப் பேர். 1774இல் அதன் கண்காட்சியில் படம் வைத்தார். இரண்டே ஆண்டில், நாட்டின் கைவினைச் சங்கங்களையெல்லாம் அரசு கலைத்தபோது அதுவும் மூடப்பட்டது. படத்தைக் காட்ட மதிப்பான இடம் என்றால் இனி அரச அகாடமி நடத்தும் சலோன் கண்காட்சி மட்டும்தான். அதில் உறுப்பினர்களுக்கு மட்டுமே சுவர் உண்டு.

சரி, வாக்கு எப்படி வாங்கினார்? வாக்குப் போட வேண்டியவர்களையே உட்கார வைத்து வரைந்தார்! 1780களின் தொடக்கத்தில் அகாடமி உறுப்பினர்களை ஒவ்வொருவராகத் தன் முன் அமர வைத்துப் பாஸ்டலில் உருவப்படம் தீட்ட ஆரம்பித்தார். மூத்த ஓவியர் வியேன், ஓவியர் பஷெலியே, சிற்பி பஜூ என்று வரிசை நீண்டது. இது முகஸ்துதி என்று சிலர் நினைக்கலாம். நான் அப்படிப் பார்க்கவில்லை. அவருடைய படங்களில் வேன்சானின் கை இருக்கிறது, அவர்தான் திருத்திக் கொடுக்கிறார் என்று ஊரில் பேச்சு இருந்தது. அதற்கு மறுப்பு எழுதி என்ன பயன்? எதிரே உட்கார்ந்திருக்கும் ஆளுக்குத் தன் முகம் யார் கையில் உருவாகிறது என்று நேரிலேயே தெரியும். ஒவ்வொரு அமர்வும் ஒரு சாட்சியத்துக்குச் சமம்.

இதற்குப் பாஸ்டல் ரொம்பத் தோதான ஊடகம். வண்ணப் பொடியில் கொஞ்சம் பசை சேர்த்து உருட்டிக் காயவைத்த குச்சிதான் பாஸ்டல். தாளில் தேய்த்து விரல் நுனியால் இழைத்தால் தோலின் மென்மை அப்படியே வந்துவிடும். எண்ணெய் வண்ணம் போலக் காயக் காத்திருக்க வேண்டாம், பெரிய மனிதர்களின் நேரத்தையும் வீணாக்காது. பஜூவின் படம் இப்போது பாரிஸின் லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு, தன் ஆசான் லெமுவானின் மார்பளவுச் சிலையைக் களிமண்ணில் பிடித்துக்கொண்டிருக்கிறார் பஜூ. விருந்துக்குப் போகிற கோலமே இல்லை, வேலையில் இருக்கிற கோலம். ஒரு கலைஞர் இன்னொரு கலைஞரை மதிப்பது எப்படி இருக்கும் என்று அந்தப் படத்தில் பார்க்கலாம். அகாடமியில் சேரக் கொடுத்த தகுதிப் படங்களில் இதுவும் ஒன்று.

சேர்ந்த அதே வருஷம் அடி விழுந்தது. 1783 சலோன் நடந்துகொண்டிருந்தபோது ஊர்பேர் இல்லாத துண்டுப்பிரசுரம் ஒன்று அகாடமியின் பெண்களைக் குறிவைத்து வெளியானது. லபீய்-கியாருக்கும் வேன்சானுக்கும் முடிச்சுப் போட்டது. வேன்சான் என்ற பெயரையும், பிரெஞ்சில் ‘இருபது நூறு’ என்பதையும் ஒரே மாதிரிதான் உச்சரிக்க முடியும். அதை வைத்து அவருக்கு இரண்டாயிரம் காதலர்கள் என்று சிலேடை கட்டியிருந்தார்கள். அவர் வாயை மூடிக்கொண்டு இருக்கவில்லை. அரசின் கட்டடங்கள், கலைகள் இரண்டுக்கும் பொறுப்பாளராக இருந்த தான்ஜிவிலே பிரபுவின் மனைவிக்கு நேராகக் கடிதம் எழுதினார். என் திறமையைக் கிழித்தால் பொறுத்துக்கொள்வேன், என் படங்கள் அங்கே தொங்குகின்றன, அவை எனக்காகப் பேசும், ஆனால் ஒரு பெண்ணின் ஒழுக்கத்துக்காக யார் வந்து வாதாடுவது என்பதுதான் அதன் சாரம். விஷயம் காவல்துறைத் தலைவர் வரை போனது.

1785 சலோனில் அவர் வைத்த படத்தை இந்தப் பின்னணியில் பார்க்க வேண்டும். ‘இரு மாணவியருடன் தன்னுருவப் படம்’ என்று அறியப்படுவது. நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. உயரம் 210.8 செ.மீ., அகலம் 151.1 செ.மீ. ஆள் உயரத்துக்கும் மேல். அருங்காட்சியகத்தின் இணையதளத்தில் பெரிய அளவில் இலவசமாகவே கிடைக்கிறது. போனில் பார்க்காமல் முடிந்தால் கணினியில் திறந்து, பெரிதாக்கிப் பாருங்கள்.

நடுவில் அவர் உட்கார்ந்திருக்கிறார். தலையில் அகலமான வைக்கோல் தொப்பி, உடம்பில் வெளிர்நீலச் சாட்டின் கவுன், கழுத்தோரம் லேஸ். ஒரு கையில் தூரிகை, மறு கையில் வண்ணத்தட்டும் கையைத் தாங்கும் நீளக் கோலும். இப்படிப்பட்ட உடுப்பில் யாராவது எண்ணெய் வண்ணத்தைத் தொடுவார்களா? மாட்டார்கள். ஒரு சொட்டு விழுந்தால் துணி போச்சு. ஆனால் அந்தச் சாட்டினைப் பாருங்கள்: முழங்காலில் வெளிச்சம் பட்டு வெள்ளையாகவே ஆகிவிடுகிறது, மடிப்புக்குள் போகப் போக நீலம் கறுக்கிறது. துணிக்கடைக்காரர் மகள் இதை மனப்பாடமாக அறிவார். ‘என்னிடம் வாருங்கள், உங்கள் பட்டும் இப்படியே வரும்’ என்று சொல்லும் விளம்பரமும்கூட இது. கூச்சமே இல்லாமல் செய்திருக்கிறார், நன்றாகவே செய்திருக்கிறார். கவுனுக்கு அடியிலிருந்து ஒரு செருப்பு முனை எட்டிப்பார்த்து ஓவியத் தாங்கியின் குறுக்குச் சட்டத்தில் ஊன்றியிருக்கிறது. தினமும் அங்கே உட்காருகிற ஆளின் கால் அது.

கித்தானின் பின்பக்கம்தான் நமக்குத் தெரிகிறது. என்ன வரைகிறார் என்று தெரியாது. அவர் பார்வை நேராக நம்மேல். அப்படியானால் மாடலாக உட்கார்ந்திருப்பது நாம்தான். நாற்காலிக்குப் பின்னால் இரண்டு இளம்பெண்கள் ஒருவரையொருவர் அணைத்தபடி நிற்கிறார்கள். மாரி-காப்ரியேல் காபே, மாரி-மார்கெரித் கரோ த ரோஸ்மோன். ஒருவர் கண் கித்தானில், இன்னொருவர் கண் நம் பக்கம். பெண்களுக்கு நான்கே இடம் என்று சொன்ன அகாடமியின் சுவரில், அடுத்த இரண்டு பேரைக் கூட்டிவந்து நிறுத்திவிட்டார்!

பின்னால் நிழலில் இரண்டு சிலைகள் இருக்கின்றன. ஒன்று அவருடைய அப்பாவின் மார்பளவுச் சிலை, செய்தவர் அதே பஜூ. இன்னொன்று வெஸ்டல் கன்னி, பழைய ரோமில் கற்புக்கு அடையாளமாக இருந்த பெண் பூசாரி. இரண்டு வருஷத்துக்கு முன் வந்த பிரசுரத்துக்கு இதுதான் பதில் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள், எனக்கும் அப்படித்தான் படுகிறது. படத்தில் இருக்கும் ஒரே ஆண் அப்பா. கணவர் இல்லை, ஆசான் வேன்சானும் இல்லை.

மாணவியரைப் படத்துக்காக மட்டும் சேர்த்துக்கொண்டவர் இல்லை அவர். ஒன்பது பெண்கள்வரை அவரிடம் படித்தார்கள். அதற்காக ஒரு விலையும் கொடுத்தார். அரச அகாடமியின் பெரிய ஓவியர்களுக்கு லூவ்ர் அரண்மனைக்குள்ளேயே வீடும் பட்டறையும் தருவார்கள். பூக்களும் பழங்களும் தீட்டிய ஆன் வலாயே-கோஸ்தேருக்குக்கூடக் கொடுத்திருந்தார்கள். இவர் கேட்டபோது தான்ஜிவிலே மறுத்துவிட்டார். இவரோடு இளம்பெண் கூட்டம் வரும், இருட்டான நடைகளில் அவர்கள் போய்வருவது நன்றாயிராது என்பது காரணம். மாணவிகளை விட்டுவிட்டிருந்தால் இடம் கிடைத்திருக்கலாம். அவர் விடவில்லை.

வாய்ப்பு வேறு பக்கமிருந்து வந்தது. மறைந்த பதினைந்தாம் லூயியின் மகள்கள், அதாவது பதினாறாம் லூயியின் அத்தைகள், 1787இல் அவரைத் தங்கள் அதிகாரபூர்வ ஓவியராக நியமித்தார்கள். அவ்வருட சலோனில் அத்தைகளில் ஒருவரான மதாம் அதெலாயிதின் முழுவுருவப் படம் வந்தது. உயரம் ஏறக்குறைய ஒன்பது அடி, இப்போது வெர்சாய் அரண்மனையில் இருக்கிறது. கல்யாணமாகாத, ஐம்பத்தைந்து வயதான இளவரசியை எப்படிக் காட்டுவது? இளமையாக்கவில்லை, இரக்கம் தேடவுமில்லை. இறந்துபோன அப்பா, அம்மா, அண்ணனான பட்டத்து இளவரசர், மூவரின் பக்கவாட்டு முகங்களைத் தானே வரைந்து முடித்தவராக, ஓவியத் தாங்கிக்குப் பக்கத்தில் நிறுத்தினார். மேலே சுவரில் புடைப்புச் சிற்பம் போல ஒரு காட்சி: பதினைந்தாம் லூயி பெரியம்மையில் சாகக் கிடக்கிறார், பட்டத்துக்கு உரிய ஆண்களைத் தொற்றுக்குப் பயந்து வெளியே நிறுத்திவிட்டார்கள், மகள்கள் உள்ளே ஓடுகிறார்கள். ஆட்சிக்கு வர முடியாதவர்கள் என்பதால்தான் அப்பாவின் பக்கத்தில் இருக்க முடிந்தது. அந்தக் குடும்பத்தில் மகளாகப் பிறந்ததன் பாரத்தையும் பெருமையையும் ஒரே சுவரில் வைத்துவிட்டார். அதே கண்காட்சியில் விஜே லெ ப்ரனின் ‘ராணியும் குழந்தைகளும்’ படமும் தொங்கியது. ஒப்பீடு மறுபடி சூடுபிடித்தது என்று சொல்லத் தேவையில்லை.

1789இல் புரட்சி. விஜே லெ ப்ரன் அக்டோபரிலேயே நாட்டைவிட்டுப் போய்விட்டார். ராணியின் ஓவியர் என்று ஊருக்கே தெரிந்தவர், அவர் பயத்தில் நியாயம் இருந்தது. லபீய்-கியார் பாரிஸிலேயே இருந்தார். 1791 பிப்ரவரியில் அத்தைகளும் ரோமுக்குக் கிளம்பிவிட்டார்கள். வாடிக்கையாளர்கள் போனார்கள் என்று அவர் உட்கார்ந்துவிடவில்லை. தேசியப் பேரவையின் உறுப்பினர்களை வரைய ஆரம்பித்தார். அவ்வருட சலோனில் வைத்த படங்களில், புரட்சிக்கால அரசியலின் பெரிய பெயர்களான ரோபெஸ்பியரும் தலேராந்தும் உண்டு. நான்கு வருஷத்துக்கு முன் இளவரசியின் வெல்வெட்டைத் தீட்டிய கை, இப்போது வழக்கறிஞர்களின் கறுப்புக் கோட்டைத் தீட்டியது. காற்றுள்ளபோது தூற்றிக்கொண்டார் என்று இதைச் சொல்பவர்கள் உண்டு. எனக்கு அது சரியாகப் படவில்லை. மாற்றத்தை அவர் உண்மையிலேயே வரவேற்றார். 1790 செப்டம்பரில் அகாடமிக் கூட்டத்தில் எழுந்து, பெண்களுக்கு நான்கு என்ற வரம்பை எடுத்துவிட வேண்டும் என்று வாதாடியவர் அவர். அன்று உறுப்பினர்கள் ஏற்றார்கள், ஆனால் அது நடைமுறைக்கு வரவே இல்லை. 1793இல் அகாடமியே கலைக்கப்பட்டது. 1795இல் அதன் இடத்துக்கு வந்த தேசியக் கழகத்தில் பெண்களுக்கு நான்கு இடம்கூட இல்லை, ஒன்றுமே இல்லை.

அவருக்கு விழுந்த பெரிய அடி இன்னொன்று. அரசரின் தம்பி ப்ரோவான்ஸ் பிரபு, பின்னாளில் பதினெட்டாம் லூயியாக ஆட்சிக்கு வந்தவர், 1788இல் ஒரு மாபெரும் படத்துக்கு உத்தரவு கொடுத்திருந்தார். தான் தலைவராக இருந்த செயின்ட் லாசர் வீரர் அணியில் ஒருவரைச் சேர்க்கும் சடங்கு. பல பேர் நிற்கிற குழுக்காட்சி. உருவப்படக்காரி என்ற எல்லையைத் தாண்டி, சரித்திர ஓவியத்தின் அளவுக்கு அவர் எட்டிப் பிடித்த படம் அதுதான். ஆண்டுக்கணக்கில் உழைத்தார். 1791 ஜூனில் அந்தப் பிரபு ஓடிவிட்டார். 1793 ஆகஸ்டில், அரச குடும்பத்தார் படங்களை அழிக்க ஒப்படைக்கும்படி அவருக்கு ஆணை வந்தது. முடியாத அந்தப் பெரிய கித்தானும் அதற்கான முன்வரைவுகளும் தீக்குப் போயின. எல்லைக்கு அந்தப் பக்கம் பத்திரமாக இருந்த பிரபுவுக்கு அதில் ஒரு நஷ்டமும் இல்லை. வரைந்தவருக்குத்தான் எல்லாம் போனது.

புரட்சிக்கு எதிரிகள் என்று பலரைக் கொன்ற ‘பயங்கர ஆட்சி’க் காலத்தில் வேன்சானோடும் மாணவியரோடும் பாரிஸுக்கு வெளியே பொந்தோ-ஆன்-ப்ரீ என்ற ஊரில் இருந்தார். புரட்சி அவரிடமிருந்து எடுத்தது போலவே கொடுத்ததும் உண்டு. 1792இல் விவாகரத்துச் சட்டம் வந்தது. கியாரிடமிருந்து முறைப்படி விடுபட்டார். சில ஆண்டு கழித்து, ஐம்பதை ஒட்டிய வயதில், அந்தப் பிரசுரக்காரன் சிரித்த அதே வேன்சானை மணந்தார். 1795இல், பத்து வருஷம் கேட்டுக்கொண்டிருந்த லூவ்ர் இடமும் கிடைத்தது, கூடவே ஆண்டுக்கு 2000 லீவ்ர் (அன்றைய பிரெஞ்சு நாணயம்) மானியம். மாணவியரோடு சேர்ந்தே! பிறகும் சலோனில் படங்கள் வைத்தார், ஆனால் சின்னச் சின்னப் படங்கள். 1803 ஏப்ரல் 24 அன்று காலமானார். வயது 54.

இனி உங்கள் கடைசிக் கேள்வி: ஏன் பேசுவதில்லை? திறமையில் குறை என்று நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். விஜே லெ ப்ரன் 86 வயதுவரை வாழ்ந்தார், ஐரோப்பா முழுக்கச் சுற்றி வரைந்தார், 1830களில் தன் நினைவுகளைப் புத்தகமாகவும் விட்டுப்போனார். வாசிக்க அருமையான புத்தகம். அதனால் அவர் கதையை அவர் குரலிலேயே நாம் கேட்கிறோம். லபீய்-கியார் நினைவுக் குறிப்பு எதுவும் எழுதவில்லை. அவருடைய நண்பர் லெப்ரெதோன் எழுதிய இரங்கல் குறிப்பைத்தான் ஆரம்பகால ஆய்வாளர்கள் நம்ப வேண்டியிருந்தது. அவருடைய படங்களில் பல பாஸ்டல். பாஸ்டல் பொடி உதிரும், வெளிச்சம் ஆகாது, ஊர் ஊராகக் கண்காட்சிக்கு அனுப்ப அருங்காட்சியகங்கள் தயங்கும். மிகப் பெரிய படம் சாம்பலாகிவிட்டது. பெயரும் ஒரு குழப்பம்: வாழ்நாளில் அவரை முதலில் மதாம் கியார் என்றும் பிறகு மதாம் வேன்சான் என்றும் அழைத்தார்கள். இன்று நாம் சொல்லும் பெயரில் அவரைக் கூப்பிட்டவர்கள் அன்று குறைவு.

மறக்காதவர் ஒருவர் இருந்தார். 1785 படத்தில் நாற்காலிக்குப் பின்னால் நின்ற காபே. லியோனில் எளிய குடும்பத்தில் பிறந்தவர், ஆசிரியையின் வீட்டிலேயே தங்கி ஓவியரானவர். கடைசிவரை அவருடன் இருந்தார், அவருக்குப் பிறகு வேன்சானையும் 1816இல் அவர் இறக்கும்வரை பார்த்துக்கொண்டார். கரோ த ரோஸ்மோன் 1788லேயே இறந்துவிட்டிருந்தார். 1808 சலோனில் காபே ஒரு படம் வைத்தார். அது இப்போது ம்யூனிக்கில், நோயே பினகோதெக் அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது. லபீய்-கியார் இறந்து ஐந்து ஆண்டு ஆகியிருந்தது, ஆனால் படத்தில் அவர் ஓவியத் தாங்கி முன் உட்கார்ந்து, முதிய வியேனை வரைந்துகொண்டிருக்கிறார். சுற்றிலும் ஆட்கள். பக்கத்தில் வேன்சான். இம்முறை காபே பின்னால் நிற்கவில்லை. முன்னால் உட்கார்ந்து ஆசிரியைக்கு வண்ணத்தட்டைத் தயார் செய்துகொண்டே தலையைத் திருப்பி நம்மைப் பார்க்கிறார்.